பிளாண்டி வளர்ந்த வீடு

வரலாற்றுத் தொடர் – 14

சென்ற இதழில் ஸ்டாலின்கிராடில் நிறுத்தியிருந்தோம். 1943 பிப்ரவரி 2ஆம் தேதி, ஜெர்மனியின் ஆறாம் படையில் எஞ்சியிருந்த ஏறக்குறைய 91,000 பேர் சோவியத் படையிடம் சரணடைந்து முடித்தார்கள். பசியாலும் பனியாலும் பாதி செத்திருந்த அந்தக் கூட்டத்தில், பிற்பாடு உயிரோடு ஊர் திரும்பியவர்கள் சுமார் 6,000 பேர்தான். அவர்களைப் பின்வாங்கவிடாமல் அங்கேயே நிற்கச் சொன்னவர், அந்தக் குளிர்காலம் முழுக்க, காலையில் ஒரு நாயைக் கூட்டிக்கொண்டு காட்டுக்குள் நடை போய்க்கொண்டிருந்தார். நாய் மரத்தடுப்பைத் தாண்டும். குறுகலான பலகைமேல் நடக்கும். ஏணியில் ஏறி உச்சியில் உட்காரும். இரவுத் தேநீர் நேரத்தில் பெண் செயலர்களைச் சுற்றி உட்காரவைத்து, இன்று என் நாய் என்ன செய்தது தெரியுமா என்று அவர் பூரித்துப் பூரித்துச் சொல்வார்.

நாயின் பெயர் பிளாண்டி. ஜெர்மன் ஷெப்பர்டு இனம். நம் ஊரில் அல்சேஷன் என்போமே, அதுதான். 1941இல் நாஜிக் கட்சித் தலைவர்களில் ஒருவரான மார்ட்டின் போர்மான் அதை ஹிட்லருக்கு அன்பளிப்பாகக் கொடுத்தார் என்பது பரவலாகச் சொல்லப்படும் செய்தி. இந்த இதழில் ஜெனரல்களை ஓரமாக நிறுத்திவிட்டு, பிளாண்டியின் பின்னால் போகலாம் என்றிருக்கிறேன். காரணம் உண்டு. ஹிட்லரின் வீட்டிலிருந்து உயிரோடு வெளியே வந்தவர்கள் எழுதிய நினைவுக் குறிப்புகள் பல. செயலர்கள் டிரவுடல் யுங்க, கிறிஸ்டா ஷ்ரோடர், பணியாளர் ஹெயின்ஸ் லிங்க, அமைச்சர் ஆல்பர்ட் ஸ்பியர் என்று பலரும் எழுதியிருக்கிறார்கள். ஒருவர் சொல்வதை மற்றவர் மறுக்கும் இடங்கள் அவற்றில் நிறைய. ஆனால் இந்த நாய் திரும்பத் திரும்ப வருகிறது. தளபதிகள் வாசலில் நிறுத்தப்பட்ட நேரத்திலும் அது உள்ளே போனது. அவருடைய படுக்கையறையில் தூங்கியது. அந்த வீட்டை அதைவிட அருகிலிருந்து பார்த்த உயிர் அதிகம் இல்லை.

முதலில் இடத்தைப் பார்த்துவிடுவோம். 1941 ஜூன் 22ஆம் தேதி ஜெர்மனி சோவியத் யூனியனுக்குள் படையெடுத்தது. அடுத்த நாள் இரவே ஹிட்லர் கிழக்குப் பிரஷ்யாவில், ராஸ்டன்பர்க் ஊருக்கு அருகே காட்டுக்குள் கட்டியிருந்த தலைமையகத்துக்குக் குடிபோனார். ஊர் இன்று போலந்தில் இருக்கிறது. ‘ஓநாய்க் குகை’ என்று அந்த இடத்துக்குப் பெயர் வைத்தவரும் அவரே. மீட்டர்க்கணக்கில் தடித்த கான்கிரீட் சுவர்கள், விமானத்திலிருந்து பார்த்தால் காடாகவே தெரிவதற்கு மேலே செயற்கை இலைகள் கட்டிய வலைகள், சுற்றிலும் முள்வேலி, கண்ணிவெடி, மூன்று அடுக்குக் காவல். பக்கத்தில் சதுப்பு நிலம் என்பதால் கோடையில் கொசு தாங்காது. போரில் 800 நாளுக்கும் மேல் அவர் இங்கேதான் இருந்தார். ஜெர்மன் மக்கள் தங்கள் தலைவர் பெர்லினில் அமர்ந்து ஆள்வதாக நினைத்துக்கொண்டிருக்க, அவர் வெயில் படாத ஒரு காட்டில், விளக்கு வெளிச்சத்தில் உலக வரைபடத்தின்மேல் குனிந்திருந்தார்.

ஒரு நாய்க்கு அந்த இடம் எப்படி இருந்திருக்கும்? பளபளக்கும் பூட்ஸ்கள் வரும், போகும். குதிகால்கள் ஒன்றோடொன்று மோதும் சத்தம் கேட்கும். நண்பகலில் ஓர் ஆலோசனைக் கூட்டம், இரவில் இன்னொன்று. அந்நேரங்களில் சில குரல்கள் உயரும், பெரும்பாலும் எஜமானின் குரல். நள்ளிரவு தாண்டித் தேநீரும் கேக்கும் வரும். அவர் பேசிக்கொண்டே இருப்பார். எதிரே உட்கார்ந்திருக்கும் பெண்கள் தூக்கத்தை அடக்கிக்கொண்டு கேட்டுக்கொண்டிருப்பார்கள். விடியற்காலையில்தான் அறையில் விளக்கு அணையும். வேட்டைச் சத்தம் இல்லை, குழந்தைகள் இல்லை, சந்தை இல்லை. பிளாண்டியை நாள் முழுதும் பார்த்துக்கொண்டவர் ஃபிரிட்ஸ் டோர்னோவ் என்ற ராணுவப் பணியாளர். எஜமான் வந்தால் விளையாட்டு, போனால் காத்திருப்பு, இவ்வளவுதான் அதன் வாழ்க்கை.

1942 மே மாதக் கடைசியில் பிரச்சார அமைச்சர் கோயபல்ஸ் தன் நாட்குறிப்பில் இந்த நாயைப் பற்றி எழுதியிருக்கிறார். தலைவருக்கு அது கண்ணின் மணி என்கிறார். அதோடு நடக்கப் பிடிப்பதற்கு ஹிட்லர் அவரிடம் சொன்ன காரணமும் அங்கே இருக்கிறது. கூட வருகிற நாய் மட்டும்தான் போரைப் பற்றியும் அரசியலைப் பற்றியும் பேச்செடுக்காது என்பது அந்தக் காரணம். கோயபல்ஸுக்கு அது மனதைத் தொட்டதாம். எனக்கு அந்த வரிகளைப் படிக்கும்போது வேறொன்று தோன்றுகிறது. தான் தொடங்கிய போரைப் பற்றிக் கேள்வி கேட்கக்கூடிய யாரையும் பக்கத்தில் வைத்துக்கொள்ள விரும்பாத ஒருவரின் வாக்குமூலம் அது.

அது உண்மைதான் என்பதற்கு அந்த ஆண்டின் செப்டம்பரே சாட்சி. அப்போது ஹிட்லர் உக்ரைனில், வின்னிட்சாவுக்கு அருகே அமைத்த தலைமையகத்தில் இருந்தார். காகசஸ் மலைப் பக்கம் படை எதிர்பார்த்த வேகத்தில் முன்னேறவில்லை. நிலைமையை நேரில் பார்த்துவரச் சென்ற ஜெனரல் யோடல், அங்குள்ள தளபதி தங்கள் உத்தரவுப்படிதான் நடந்திருக்கிறார் என்று திரும்பிவந்து சொன்னார். அவ்வளவு போதும். ஹிட்லர் ஜெனரல்களோடு கைகுலுக்குவதை நிறுத்தினார். அதுவரை அவர்களோடு ஒரே மேசையில் சாப்பிட்டவர், தனியறையில் சாப்பிடத் தொடங்கினார். இனித் தன் சொல்லை யாரும் மாற்றிச் சொல்லக் கூடாதென்று, கூட்டங்களில் பேசுவதை எல்லாம் எழுத்துக்கு எழுத்துக் குறித்துக்கொள்ளச் சுருக்கெழுத்தர்களை வரவழைத்தார். உண்மையைச் சொன்ன மனிதர்கள் மேசையிலிருந்து விலக்கப்பட்ட அந்த மாதங்களில், அவர் காலடியில் நாய் மட்டும் கிடந்தது.

ஸ்பியரின் குறிப்பு ஒன்று இதோடு சேர்த்துப் படிக்கத்தக்கது. ஹிட்லரைப் பார்க்கப் போகிறவர்களில் விவரம் தெரிந்தவர்கள் யாரும் பிளாண்டியைத் தடவிக் கொடுக்க மாட்டார்கள் என்கிறார். நாய் வேறொருவர் முழங்காலில் தலை வைத்துவிட்டால் ஹிட்லருக்கு முகம் மாறிவிடும். நாட்டின் போர்த் தளவாடங்கள் அனைத்துக்கும் பொறுப்பான அமைச்சர், ஒரு நாய் தன்னிடம் வாலாட்டிவிடக் கூடாதே என்று கவலைப்பட்டுக்கொண்டு உட்கார்ந்திருந்தார் என்றால், அந்த அறையின் காற்று எப்படி இருந்திருக்கும் என்று யோசித்துப் பாருங்கள். இதில் பாசமும் உண்டு, நான் இல்லை என்று சொல்லவில்லை. ஆனால் அந்தப் பாசத்துக்குள் இருந்தது உரிமை. இன்னொருவரிடம் போகாத, எதிர்த்துப் பேசாத, சொன்னதைச் செய்கிற ஓர் உயிர் அவருக்கு வேண்டியிருந்தது. 1920களில் அவரோடு பழகியவர்கள், சொன்னபடி கேட்காத நாயை அவர் சாட்டையால் அடித்ததையும் சொல்லியிருக்கிறார்கள்.

முதல் உலகப் போரிலேயே நாய்மேல் இந்த ஆசை தொடங்கிவிட்டது. 1915இல் மேற்குப் போர்முனையில், எதிரியின் பதுங்கு குழிப் பக்கத்திலிருந்து எலியைத் துரத்திக்கொண்டு வந்த ஒரு சிறிய டெரியர் நாயைப் பிடித்து, ஃபுக்ஸ்ல் என்று பெயர் வைத்து வளர்த்தார். 1917இல் யாரோ அதைத் திருடிவிட்டார்கள். இருபத்தைந்து ஆண்டு கழித்து, 1942 ஜனவரியில், ஓநாய்க் குகையில் நள்ளிரவு அரட்டையின்போது அந்தத் திருட்டைப் பற்றி மனம் ஆறாமல் பேசினார்.

அந்த ஜனவரியில் லெனின்கிராடு என்ன நிலையில் இருந்தது என்பதையும் இங்கேயே சொல்லியாக வேண்டும். 1941 செப்டம்பர் 8 முதல் அந்த நகரம் முற்றுகையில் இருந்தது. நகரம் சரணடைய முன்வந்தாலும் ஏற்க வேண்டாம், பட்டினியும் குண்டும் அதை முடிக்கட்டும் என்பது ஹிட்லரின் முடிவு. அந்தக் குளிர்காலத்தில் குழந்தைகளுக்கும் வேலையில் இல்லாதவர்களுக்கும் கிடைத்தது நாளைக்கு 125 கிராம் ரொட்டி. அதிலும் மரத்தூளும் உமியும் கலந்திருந்தன. நகரத்தின் தெருக்களில் நாய்களும் பூனைகளும் கண்ணில் படாமல் போயின. சொந்தமாக வளர்த்தவற்றையே மக்கள் தின்றார்கள். முற்றுகை முடிவதற்குள் பல லட்சம் பேர் இறந்தார்கள். தன் பழைய நாயை நினைத்து வருந்தியவருக்கு இதெல்லாம் தெரியாமல் நடக்கவில்லை. அவர் எடுத்த முடிவுப்படி நடந்தது.

நாஜி அரசு விலங்குகளுக்காகச் சட்டமும் போட்டது. 1933 நவம்பர் 24ஆம் தேதி வந்த விலங்குப் பாதுகாப்புச் சட்டம், அந்தக் காலத்து ஐரோப்பாவில் மிகக் கண்டிப்பானவற்றில் ஒன்று. ஹிட்லர் இறைச்சி சாப்பிடுவதில்லை. கசாப்புக் கூடத்தில் தான் பார்த்ததைச் சாப்பாட்டு மேசையில் விவரமாகச் சொல்லி, பக்கத்தில் இறைச்சி சாப்பிட்டுக்கொண்டிருப்பவர்கள் தட்டை ஒதுக்கிவைக்கும்படி செய்வார். இதைப் படித்துவிட்டு, “ஆயிரம்தான் இருந்தாலும் வாயில்லா ஜீவனிடம் அன்பாக இருந்தாரே” என்று சொல்பவர்களை நான் பார்த்திருக்கிறேன். நல்ல மனதோடுதான் சொல்கிறார்கள். அவர்களுக்காகவே 1942 மே மாதத்துக்கு இன்னொரு முறை போக வேண்டியிருக்கிறது.

கோயபல்ஸ் பிளாண்டியைப் பற்றி எழுதிய அதே மே மாதத்தில், மஞ்சள் நட்சத்திரம் அணிய வேண்டியிருந்த யூதர்களும் அவர்களோடு ஒரே வீட்டில் வாழ்பவர்களும் வளர்ப்புப் பிராணி எதுவும் வைத்திருக்கக் கூடாது என்று உத்தரவு வந்தது. நாய், பூனை, கூண்டுப் பறவை எதுவுமே கூடாது. வேறு யாருக்காவது கொடுத்துக் காப்பாற்றவும் அனுமதி இல்லை. ஒப்படைக்க வேண்டும், கொல்லப்படும்.

டிரெஸ்டன் நகரில் விக்டர் கிளெம்பெரர் என்ற பேராசிரியர் இருந்தார். பிறப்பால் யூதர் என்பதால் 1935இல் பல்கலைக்கழக வேலை பறிபோனது. பிறகு கட்டிய வீடு, கார், தட்டச்சு இயந்திரம், நூலகத்துக்குப் போகும் உரிமை என்று ஒவ்வொன்றாகப் போனது. யூதரல்லாத மனைவி ஏவா அவரைக் கைவிடாமல் கூடவே இருந்ததால்தான் அவர் நாடு கடத்தப்படாமல் இருந்தார். யூதர்களை அடைத்து வைத்த வீடொன்றில் இருவரும் குடியிருந்தார்கள். அவர்களிடம் முஷெல் என்றொரு பூனை இருந்தது. உத்தரவு வந்ததும் என்ன செய்வதென்று நாள்கணக்கில் தவித்தார்கள். அரசாங்கத்தின் கையில் கொடுத்துப் பயந்து சாகவிடுவதைவிட, தாங்களே கொண்டுபோய் வலியில்லாமல் முடித்துவிடுவது மேல் என்று தீர்மானித்தார்கள். தங்களுக்கே இறைச்சி கிடைக்காத அந்த நாட்களில் கிடைத்த துண்டைக் கடைசிச் சாப்பாடாகப் பூனைக்கு வைத்துவிட்டு, ஏவா அதை விலங்கு மருத்துவரிடம் தூக்கிக்கொண்டு போனார். கிளெம்பெரர் அதை நாட்குறிப்பில் எழுதினார். நாட்குறிப்பு பிடிபட்டால் உயிர் போகும் என்று தெரிந்தே எழுதினார்.

பிளாண்டியும் முஷெலும் ஒரே நாட்டில், ஒரே மாதத்தில், ஒரே சட்டத்தின் கீழ் இருந்தார்கள். விலங்கை நேசித்த அரசு என்ற பேச்சு எனக்கு இந்த இடத்தோடு முடிந்துவிடுகிறது.

*

ஓநாய்க் குகையைவிட பிளாண்டிக்கு பெர்க்ஹோஃப் பிடித்திருக்கலாம். பவேரிய ஆல்ப்ஸ் மலையில் ஹிட்லரின் சொந்த வீடு அது. திறந்த மொட்டைமாடி, பனிச்சிகரங்கள், மதியத்துக்கு மேல் தேநீர் மனைவரை ஒரு நடை. கூட வந்தவர்கள் பேசிக்கொண்டிருக்கும்போதே ஹிட்லர் அங்கே நாற்காலியில் கண் அயர்ந்துவிடுவார். அவருடைய புகைப்படக்காரர் ஹெயின்ரிக் ஹோஃப்மான் எடுத்த மலையும் நாயும் தலைவரும் சேர்ந்த படங்கள் அஞ்சல் அட்டையாக நாடெங்கும் போயின. எளிமையான மனிதர், இயற்கையை நேசிப்பவர் என்று வீட்டுக்கு வீடு நம்பவைத்ததில் அந்தப் படங்களுக்குப் பெரிய பங்கு உண்டு.

ஆனால் பெர்க்ஹோஃப் ஹிட்லரின் காதலி ஏவா பிரவுனின் ராஜ்ஜியம். அவருக்கு நெகுஸ், ஸ்டாசி என்று இரண்டு ஸ்காட்டிஷ் டெரியர் நாய்கள். குட்டைக் காலும் அடர்ந்த முடியுமாக இருக்கும். அவற்றுக்கும் பிளாண்டிக்கும் ஆகாது. அவை கூடத்தில் இருந்தால் பிளாண்டி அறைக்குள் அடைபட்டுக் கிடக்கும். தன் நாயை அரைமணி நேரம் கூடத்துக்குக் கொண்டுவரலாமா என்று ஹிட்லர் ஏவாவிடம் கேட்டு அனுமதி வாங்குவார் என்று யுங்க எழுதியிருக்கிறார். அனுமதி கிடைத்ததும் வித்தைகள் தொடங்கும். பிளாண்டி ஊளையிட்டுப் ‘பாடும்’. அவர் உற்சாகப்படுத்தினால் குரல் ஏறும். கட்டைக் குரலுக்குப் பெயர்பெற்ற பாடகி சாரா லியாண்டரைப் போலப் பாடு என்றால் குரலை இறக்கி ஊளையிடும். எல்லாரும் சிரிப்பார்கள். மேசைக்கு அடியில் ஏவா பிளாண்டியைக் காலால் உதைப்பதும், நாய் ஏன் இப்படி நெளிகிறது என்று ஹிட்லர் விழிப்பதும் அந்த வீட்டில் நடந்ததாகச் சொல்லப்படும் சமாச்சாரங்கள்.

இதை எல்லாம் எழுதிய டிரவுடல் யுங்க 1942 இறுதியில் அங்கே வேலைக்குச் சேர்ந்தபோது அவருக்கு வயது 22. அவர் எழுதியதில் பொய் இருப்பதாக எனக்குத் தோன்றவில்லை. நல்ல மரியாதை, இதமான குரல், தட்டச்சுப் பிழைக்குக் கோபிக்காத எஜமான், நாயின் வித்தை, கேக் என்று அவர் கண்ணுக்குத் தெரிந்ததை எழுதினார். தலைவரின் சிறப்பு ரயில் குண்டுவீச்சில் இடிந்த நகரங்களைத் தாண்டிப் போகும்போது ஜன்னல் திரைகள் இறக்கப்பட்டிருக்கும் என்பதையும் அவரே எழுதியிருக்கிறார். அந்த வீட்டில் ‘யூதர்’ என்ற பேச்சு தேநீர் மேசைக்கு அநேகமாக வந்ததில்லை என்கிறார். கொலைக்களங்களுக்கு ஹிட்லர் போனதாகப் பதிவு இல்லை. உத்தரவுகள் வேறு அறையில், வேறு ஆட்களிடம், பெரும்பாலும் வாய்மொழியாகப் போயின. ஆக, வீட்டுக்குள் இருந்தவர்கள் ஏறக்குறைய நாயின் உயரத்திலிருந்துதான் அவரைப் பார்த்தார்கள். தடவிக் கொடுக்கும் கை தெரிந்தது. அந்தக் கை எதில் கையெழுத்திட்டது என்பது தெரியவில்லை.

ஆனால் நாய்க்கு அதற்குமேல் தெரிந்துகொள்ள வழி கிடையாது. மனிதருக்கு உண்டு. யுங்கவே இதைக் கடைசிக் காலத்தில் ஒப்புக்கொண்டார். மியூனிக்கில் சோஃபி ஷோலின் நினைவுப் பலகையை ஒருநாள் பார்த்திருக்கிறார். நாஜிகளுக்கு எதிராகத் துண்டறிக்கை விநியோகித்ததற்காக 1943 பிப்ரவரி 22ஆம் தேதி தலை துண்டிக்கப்பட்ட மாணவி. 1921இல் பிறந்தவர், யுங்கவைவிட ஒரு வயது இளையவர். தான் ஹிட்லரிடம் வேலையில் அமர்ந்த நாட்களில்தான் அந்தப் பெண் கொல்லப்பட்டார் என்பதும், இளமை ஒரு சாக்கு ஆகாது, தேடியிருந்தால் தெரிந்துகொண்டிருக்க முடியும் என்பதும் அந்தப் பலகையின் முன்னால்தான் அவருக்கு உறைத்தது. 2002இல் வெளிவந்த ஆவணப்படத்தில் கேமராவைப் பார்த்து இதைச் சொன்னார். அதே ஆண்டு இறந்தார். அந்த வீட்டிலிருந்து வந்த சாட்சியங்களில் நான் பெரிதாக மதிப்பது இதைத்தான்.

நாய்க்கு வேறு வழி கிடையாது என்பதற்கு ஒரு நீதிமன்றப் பதிவே இருக்கிறது. போலந்தில் டிரெப்ளிங்கா கொலை முகாம். அங்கே கொல்லப்பட்டவர்கள் எட்டு லட்சம் வரை அல்லது அதற்கும் மேல். துணைத் தளபதி குர்ட் ஃபிரான்ஸிடம் பாரி என்ற பெரிய நாய் இருந்தது. கைதியின்மேல் அதை ஏவும்போது, நாயை ‘மனிதா’ என்று அழைத்து, அந்த ‘நாயை’க் கவ்வு என்பார். பாரி பாய்ந்து சதையைக் குதறும். முகாம் மூடப்பட்ட பிறகு பாரி ஒரு மருத்துவரிடம் போய்ச் சேர்ந்தது. அங்கே அது யாரையும் கடிக்கவில்லை, சோம்பலாகப் படுத்துக் கிடந்தது. 1960களில் டுசெல்டார்ஃபில் வழக்கு நடந்தபோது, ஒரே நாய் இப்படி இரண்டு விதமாக இருக்க முடியுமா என்ற கேள்வி எழுந்தது. விலங்கு நடத்தை ஆய்வாளர் கொன்ராட் லோரென்ஸின் கருத்தை நீதிமன்றம் கேட்டுப் பெற்றது. முடியும் என்றார் அவர். எஜமானின் உள்மனம் நாயில் வெளிப்படும், எஜமான் மாறினால் நாயும் மாறும் என்பது அவர் தந்த விளக்கம். ஃபிரான்ஸுக்கு 1965இல் ஆயுள் தண்டனை. பாரி குற்றவாளி அல்ல. பிளாண்டியும் அல்ல.

*

1944 நவம்பர் 20ஆம் தேதி, செம்படை நெருங்கிவர, ஹிட்லர் ஓநாய்க் குகையை விட்டு வெளியேறினார். 1945 ஜனவரி 16 முதல் அவர் இருப்பு பெர்லினில். கொஞ்ச நாளில் வசிப்பும் வேலையும் தலைமை அமைச்சர் மாளிகைத் தோட்டத்துக்கு அடியிலிருந்த பதுங்கு அறைகளுக்கு மாறின. ஜன்னல் கிடையாது. காற்றோட்ட இயந்திரத்தின் உறுமல் இரவும் பகலும் ஓயாது. டீசல் வாடை வேறு. சிறிது நேரம் மேலே ஏறி, இடிபாடுகளுக்கு நடுவே பிளாண்டியோடு நடப்பார். முதுகு கூனியிருந்தது. இடது கை நடுக்கம் நிற்கவில்லை. ஏப்ரல் மூன்றாம் வாரத்தில் சோவியத் பீரங்கிகள் நகரின் நடுப்பகுதியை எட்டியதும் அந்த நடையும் நின்றது.

அதற்குச் சில வாரம் முன்பு, அந்தப் பதுங்கு அறைகளிலேயே பிளாண்டி ஐந்து குட்டிகள் போட்டிருந்தது. ஒரு குட்டிக்கு ‘வுல்ஃப்’ என்று பெயர் வைத்தார் ஹிட்லர். அவர் தனக்கே ஒரு காலத்தில் வைத்துக்கொண்ட புனைபெயர் அது. குட்டியை மடியில் வைத்துத் தடவிக்கொண்டே உட்கார்ந்திருப்பார். மேலே, பதினைந்து பதினாறு வயதுப் பையன்கள் தோளில் டாங்கி எதிர்ப்புக் குழாயோடு அவர் உத்தரவுப்படி செத்துக்கொண்டிருந்தார்கள். ஏப்ரல் 22ஆம் தேதி கோயபல்ஸ் தம்பதி தங்கள் ஆறு குழந்தைகளோடு அங்கேயே குடிவந்தார்கள். மூத்தவளுக்கு 12 வயது, கடைசிக்கு 4. அந்தக் குழந்தைகளுக்கு அங்கே கிடைத்த விளையாட்டுத் துணை, பிளாண்டியின் குட்டிகள்தான்.

ஏப்ரல் 28ஆம் தேதி இரவு வானொலிச் செய்தி ஒன்று வந்தது. எஸ்.எஸ். தலைவர் ஹிம்லர் மேற்கு நாடுகளோடு ரகசியமாகச் சரணடைவு பேசியிருக்கிறார். அங்கிருந்த அனைவருக்கும் கொடுக்கப்பட்டிருந்த சயனைடு குப்பிகள் ஹிம்லரின் எஸ்.எஸ். அமைப்பின் வழியாக வந்தவை. ஹிட்லருக்குச் சந்தேகம் வந்துவிட்டது. விஷம் போலியாக இருந்து, மயங்கிய நிலையில் ரஷ்யர்களிடம் உயிரோடு அகப்பட்டுவிட்டால்? விடிவதற்குள் ஏவா பிரவுனைத் திருமணம் செய்துகொண்டார். யுங்கவை உட்காரவைத்து உயிலைச் சொல்லி எழுதவைத்தார். போருக்குக் காரணம் யூதர்கள்தான் என்று அப்போதும் எழுதவைத்தார். பிறகு குப்பியைச் சோதித்துப் பார்க்க முடிவெடுத்தார்.

சோதனைக்குத் தேர்ந்தெடுக்கப்பட்டது பிளாண்டி. மேலே மருத்துவமனையாக மாறியிருந்த நிலவறையிலிருந்து மருத்துவர் வெர்னர் ஹாஸ வரவழைக்கப்பட்டார். டோர்னோவ் நாயின் வாயைப் பிரித்துப் பிடித்தார். அந்தக் கைகளைப் பிளாண்டிக்கு நன்றாகத் தெரியும். தினமும் சோறு வைத்த கைகள். ஹாஸ ஒரு இடுக்கியில் குப்பியைப் பிடித்து, வாய்க்குள் விட்டு நசுக்கினார். உடனே எல்லாம் முடிந்தது. சற்று நேரத்தில் ஹிட்லர் வந்து பார்த்தார். எதுவும் பேசவில்லை. அறைக்குத் திரும்பிப் போய்விட்டார்.

நான்கு ஆண்டு அவர் கொண்டாடிய நாய் அது. அதன் உயிரைவிடத் தன் சாவு சிக்கலில்லாமல் அமைவது முக்கியமாகப் போயிற்று. ‘வாயில்லா ஜீவனிடம் அன்பு’ என்ற வாதத்துக்கு அவரே கொடுத்த பதில் இதுதான் என்று நினைக்கிறேன். தன்னை நம்பிய மனிதர்களுக்கு அவர் செய்ததையே தன்னை நம்பிய நாய்க்கும் செய்தார்.

மறுநாள், ஏப்ரல் 30ஆம் தேதி பிற்பகல், ஹிட்லரும் ஏவாவும் தற்கொலை செய்துகொண்டார்கள். குட்டிகளையும் ஏவாவின் இரண்டு டெரியர்களையும் தன் சொந்த நாயையும் டோர்னோவ் சுட்டுக் கொன்றார். மே 1ஆம் தேதி மாலை, அந்தக் குட்டிகளோடு விளையாடி வந்த ஆறு குழந்தைகளும் பெற்றோரின் முடிவுப்படி மயக்க மருந்து கொடுக்கப்பட்டு, அதே சயனைடால் கொல்லப்பட்டார்கள். பதுங்கு அறைகளில் பணியாற்றிய செவிலியர் ஏர்னா ஃப்ளேகெல், அறுபது ஆண்டு கழித்து 2005இல் அளித்த பேட்டியில், ஏவா பிரவுனின் சாவைவிட பிளாண்டியின் சாவுதான் தங்களை அதிகம் பாதித்தது என்றார். அவர் அதை மறைக்காமல் சொன்னார் என்பதற்காக நன்றி சொல்லலாம். பெர்லின் சண்டையில் மட்டும் இரு தரப்பிலும் லட்சத்துக்கு மேற்பட்டவர்கள் இறந்த நாட்கள் அவை.

மே முதல் வாரத்தில் சோவியத் வீரர்கள் தோட்டத்தில் குண்டு விழுந்த பள்ளத்தைத் தோண்டியபோது, எரிந்த இரண்டு மனித உடல்களோடு இரண்டு நாய்களின் உடல்களும் கிடைத்தன. ஒன்று ஜெர்மன் ஷெப்பர்டு. பெர்லினின் புறநகர் புக்கில், ராணுவ மருத்துவர்கள் நாய்களையும் மனிதர்களைப் போலவே அறுத்துப் பரிசோதித்து அறிக்கை எழுதினார்கள்.

விக்டர் கிளெம்பெரர் பிழைத்துக்கொண்டார். மனைவி ஏவாவும் பிழைத்தார். 1945 பிப்ரவரி 13ஆம் தேதி இரவு டிரெஸ்டன்மேல் குண்டு பொழிந்த குழப்பத்தில் ஏவா கணவரின் மஞ்சள் நட்சத்திரத்தைப் பிய்த்தெடுக்க, இருவரும் தப்பினார்கள். அடுத்த இதழில் கிளெம்பெரரின் வீட்டுக்குப் போகிறோம். அவருடைய நாட்குறிப்பு ஆங்கில மொழிபெயர்ப்பில் கிடைக்கிறது. கைக்குக் கிடைத்தால், அதற்குள் 1942 மே மாதப் பக்கங்களை மட்டுமாவது படித்து வையுங்கள்.